கெட்டிலைத் திருப்பிக் கொடுக்க வந்தவள்

டொலிடோ, ஓஹையோ
18 ஜனவரி 1953

இல்காவுக்கு,

அக்கா எழுதுவது. இங்கே எல்லோரும் நலம். உன் அத்தான் ஃபெரிக்கு மட்டும் முதுகுவலி. கறிக்கடையை விட்டு ஒரு நாள் உட்கார்ந்தால் சரியாகிவிடும், ஆனால் உட்காரமாட்டார்.

நேற்று உன்னைப் பார்த்தோம். எங்கள் தெருவில் கெலெமென் வீட்டில் மட்டும்தான் டெலிவிஷன் இருக்கிறது. அவர் தொழில் உனக்குத் தெரியுமே, சவ அடக்கம். முன்னறையில் டெலிவிஷன், அடுத்த அறையில் பெட்டி. நேற்று அந்தப் பெட்டியில் செருப்பு தைக்கும் போட்டோர் கிழவர் படுத்திருந்தார். "கொஞ்சம் மெதுவாச் சிரிங்க, பக்கத்து ரூம்ல ஆள் இருக்கு" என்று சொல்லிவிட்டுத்தான் கெலெமென் டெலிவிஷன் குமிழைத் திருகினார்.

இத்தனை நாளும் அந்தக் கஸ் டிரமண்ட் நிகழ்ச்சியில் நீ வருவது கண் மூடித் திறப்பதற்குள் முடிந்துவிடும். உன் தலையில் தண்ணீர் ஊற்றுவான், அல்லது முகத்தில் கதவைச் சாத்துவான். ஒன்று கேட்கவேண்டும் என்றிருந்தேன். அந்தத் தண்ணீர் வெந்நீரா, பச்சைத் தண்ணீரா? ஜனவரியில் பச்சைத் தண்ணீர் ஊற்றினால் அவனை நான் சும்மா விடமாட்டேன்.

ஆனால் நேற்று அது இல்லை. நேற்று ஒரு பொம்பளை வந்தாள். கறுப்புக் கோட்டு, தலையில் முக்காடு, கையில் ஒரு மூட்டை. பெரிய கடையில் போய் நிற்கிறாள், ஒரு வார்த்தை பேசவில்லை. மூட்டையைப் பிரிக்கிறாள். ஒரு துண்டு, அதை நீவி மடித்து வைக்கிறாள். அதற்குள் இன்னொரு துண்டு, அதையும் மடித்து வைக்கிறாள். அதற்குள் மூன்றாவது. கடைசியில் ஒரு கெட்டில். அதன் ஓட்டையைக் கடைக்காரன் பக்கம் திருப்பி வைத்துவிட்டு நிற்கிறாள். நின்றுகொண்டே இருக்கிறாள்.

இல்கா, அது நான்.

கோட்டு என்னுடையது. துண்டை நீவுகிறபோது கட்டைவிரலைத் தூக்கிக்கொள்வது என்னுடையது. நீ எட்டு வயதில் என் கையைப் பிடித்துக்கொண்டு அந்தக் கடையில் நின்றாய். இருபது வருஷம் அதை மனதில் வைத்திருந்து இப்போது ஊர் முழுக்கக் காட்டிவிட்டாய். அவளுக்குத் திருமதி புஷ்கா என்று வேறு பெயர். நம் ஹங்கேரிய மொழியில் புஷ்கா என்றால் துப்பாக்கி என்று அங்கே ஒருத்தருக்கும் தெரியாதா?

எனக்குக் கோபம். ஆனால் கோபத்தைவிட ஒன்று உறுத்துகிறது. போட்டோர் கிழவரின் மகளே சிரித்தாள், அப்பா பக்கத்து அறையில் இருக்கும்போது. அதில் சிரிக்க என்ன இருக்கிறது? நான் கெட்டிலைத் திருப்பிக் கொடுத்தேன், அவ்வளவுதானே? எனக்கு அது தெரிந்தாக வேண்டும்.

மார்கித்


நியூயார்க்
23 ஜனவரி 1953

என் அன்பு அக்காவுக்கு,

உன் கடிதத்தை ஒத்திகை அறையின் மூலையில் உட்கார்ந்து படித்தேன். படித்து முடிக்கும்போது என் கட்டைவிரல் தூக்கிக்கொண்டிருந்தது. அதனால் அது உன்னுடையது மட்டும் இல்லை, நமக்குப் பொது.

முதலில் தண்ணீர். பச்சைத் தண்ணீர்தான். வெந்நீர் ஊற்றினால் ஆவி எழும்பிக் கேமராக் கண்ணாடியை மறைத்துவிடுமாம். உடை கவனிக்கும் பெர்ல் திரைக்குப் பின்னால் துவாலையோடு நிற்பாள், அடுத்த காட்சிக்கு ஓடிக்கொண்டே தலை துவட்டுவேன். எல்லாம் நேரடி ஒளிபரப்பு அக்கா, நிறுத்தி மறுபடி எடுக்க முடியாது. போன மாதம் ஒரு மரச்சுவர் எங்கள் மேல் சாய்ந்தது. நான் அதை முதுகால் தாங்கிக்கொண்டு வசனம் சொன்னேன். ஊர் அதையும் நகைச்சுவை என்று நினைத்தது.

திருமதி புஷ்கா எப்படி வந்தாள் என்று சொல்கிறேன். ஒரு பாடகருக்குத் தொண்டை கட்டிவிட்டது. நிகழ்ச்சியில் ஓட்டை விழுந்தது. எழுதுகிறவர்கள் தலையைப் பிய்த்துக்கொண்டிருந்தார்கள். டிரமண்ட் சுற்றிப் பார்த்து, "யார்கிட்டயாவது ஏதாவது இருக்கா?" என்றார். இரண்டு வருஷமாக அங்கே என்னிடம் யாரும் எதுவும் கேட்டதில்லை. என் வாய் தானாகத் திறந்தது. "எங்க அக்கா ஒரு தடவை கெட்டிலத் திருப்பிக் குடுக்கப் போனா" என்றேன்.

ஏன் சிரிக்கிறார்கள் என்று கேட்டிருக்கிறாய். சத்தியமாக எனக்குத் தெரியாது. கேலி செய்யவேண்டும் என்று நான் செய்யவில்லை, நம்பு. அன்றைக்கு அந்தக் கடைக்காரனைப் பார்த்துப் பேச நான் வாயெடுத்தேன், எனக்குத்தான் இங்கிலீஷ் வருமே. நீ என் கையை அழுத்தி அடக்கிவிட்டாய். பேசாமலேயே ஜெயித்தாய். உலகத்திலேயே தைரியமான ஆள் என் அக்காதான் என்று அன்றைக்கு நினைத்தேன். இப்போதும் அப்படித்தான்.

அடுத்த மாதம் திருமதி புஷ்கா மறுபடி வருகிறாள். இந்தத் தடவை குடை. கோபித்துக்கொள்ளாதே.

உன் இல்கா


டொலிடோ
17 பிப்ரவரி 1953

இல்காவுக்கு,

நேற்று ஊசி நூல் வாங்க அந்தக் கடைக்கே போனேன். கைக்குட்டை விற்கும் பெண் பக்கத்தில் நிற்பவளை இடித்து, "ஏய், மிஸஸ் புஷ்கா வந்திருக்காங்கடீ" என்றாள். இரண்டு பேரும் வாயைப் பொத்திக்கொண்டார்கள். நான் ஒன்றும் வாங்காமல் வந்துவிட்டேன்.

கோவிலில் பாதிரியார்கூடக் கேட்கிறார், "குடை நல்லா இருந்துச்சும்மா, அடுத்து என்ன?" என்று. ஃபெரி கடைக்கு வருகிறவர்கள் கறியைப் பிரித்து மேசையில் வைத்துவிட்டுப் பேசாமல் நிற்கிறார்கள், விளையாட்டுக்காம். ஃபெரி சிரிக்கிறார். நான் பின்கட்டுக்குப் போய்விடுகிறேன்.

இந்த நாட்டுக்கு வந்ததிலிருந்து நாலு பேர் கண்ணில் படாமல் நடக்கத்தான் நான் பழகியிருக்கிறேன். நீ என்னைப் பிடித்து விளக்கு வெளிச்சத்தில் நிறுத்திவிட்டாய். எனக்கு எழுதாதே.

மார்கித்


டொலிடோ
15 மார்ச் 1953

இல்கா,

எழுதாதே என்றால் ஒரு வரிகூட எழுதாமல் இருந்துவிடுவாயா?

நேற்றும் கெலெமென் வீட்டுக்குப் போனேன், போகக் கூடாது என்றுதான் இருந்தேன். ஆனால் நான் கேட்டதற்கு நீ பதில் சொல்லவில்லை, தெரியாது என்றுவிட்டாய். இரண்டு வருஷம் அங்கே இருந்தும் தெரியாது என்றால் என்ன அர்த்தம்? நானே கண்டுபிடிக்கலாம் என்று போனேன்.

நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டேன். டெலிவிஷனுக்கு முதுகு, ஜனங்களுக்கு முகம். "என்ன மார்கித், படம் அந்தப் பக்கம்" என்றார் கெலெமென். "எனக்கு இந்தப் பக்கம்தான் படம்" என்றேன்.

நான் பார்த்ததைச் சொல்கிறேன். நீ மூட்டையோடு வரும்போது சிரிப்பதில்லை. முதல் துண்டுக்குப் புன்னகை, அவ்வளவுதான். இரண்டாவது துண்டுக்கு ஒருத்தரும் சிரிக்கவில்லை, எல்லோரும் முன்னால் சாய்ந்தார்கள். உள்ளே என்ன இருக்கிறது என்று பார்க்க ஆசை. அப்புறம் கடைக்காரன் பெருமூச்சு விட்டான் போலிருக்கிறது, அந்தச் சத்தம் கேட்டது. அங்கேதான் வெடித்தது. கெலெமெனின் மனைவி தொடையில் தட்டிக்கொண்டாள்.

அவர்கள் என்னைப் பார்த்துச் சிரிக்கவில்லை, இல்கா. அவனைப் பார்த்துத்தான் சிரிக்கிறார்கள். அவர்கள் ஒவ்வொருவரும் எங்கேயோ ஒரு மேசைக்கு முன்னால் நின்றிருக்கிறார்கள்.

நீ செய்கிற தப்பு ஒன்று உண்டு. மூன்றாவது துண்டை நீ அவசரமாகப் பிரித்தது அவர்கள் முகத்திலேயே தெரிந்தது. சாய்ந்தவர்கள் பின்னால் போய்விட்டார்கள். நான் அவசரப்பட்டதில்லை.

அக்கா


நியூயார்க்
20 மார்ச் 1953

அக்கா, அக்கா, அக்கா!

எங்கள் இயக்குநர் வயலின் வாசிக்கிறவர்களைப் போல நீளமான விரல்களை ஆட்டி, "ஏதோ குறையுது எல்லி, என்னன்னுதான் தெரியல" என்று வாரக்கணக்கில் சொல்லிக்கொண்டிருந்தார் (இங்கே எனக்கு எல்லி என்று பெயர்). நீ பிணக்கிடங்குக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒரே நாளில் சொல்லிவிட்டாய். மூன்றாவது துண்டு! நேற்று ஒத்திகையில் அதை மெதுவாகப் பிரித்தேன். விளக்குப் போடுகிறவன் ஏணியிலிருந்து எட்டிப் பார்த்தான். இரண்டு வருஷமாகச் சாண்ட்விச்சைத் தவிர வேறு எதையும் எட்டிப் பார்க்காதவன் அவன்.

என் மேல் கோபம் போய்விட்டதா என்று கேட்கப் பயமாக இருக்கிறது. அதனால் கேட்கவில்லை. நாற்காலியை மட்டும் திருப்பியே போட்டுக்கொள். தயவுசெய்து.

இல்கா


டொலிடோ
8 நவம்பர் 1953

இல்காவுக்கு,

வசந்தத்தில் வாரம் ஒரு கடிதம். கோடை விடுமுறையிலும் எழுதினாய். இலையுதிர் காலத்தில் நிகழ்ச்சி மறுபடி தொடங்கியதும் உன் கடிதம் குட்டையாகிவிட்டது. "எல்லாம் பிரமாதம்" என்று நாலு தடவை எழுதியிருக்கிறாய். உனக்குப் பிரமாதமாக இருக்கும்போது நீ அந்த வார்த்தையை எழுதமாட்டாய், எட்டுப் பக்கம் எழுதுவாய்.

நேற்று நாற்காலியைத் திருப்பவில்லை. படத்தைப் பார்த்தேன்.

அந்த டிரமண்ட் என் கோட்டைப் போட்டுக்கொண்டு வருகிறான். மார்பில் தலையணை. உதட்டில் சாயம். துண்டை எடுத்து மூக்கைச் சிந்தி வீசி எறிகிறான். கெட்டிலால் கடைக்காரியின் தலையில் தட்டுகிறான். அந்தக் கடைக்காரி நீ. உன் முதுகுதான் தெரிகிறது. பேசாமல் நிற்க வேண்டிய இடத்தில் அவன் ஏதோ பாஷை மாதிரிக் கத்துகிறான், "புபு கபுஷ் பாப்ரிகா" என்று.

கெலெமென் வீட்டில் சிரித்தார்கள், பொய் சொல்லமாட்டேன். கறிக்கு வருகிற ஐரிஷ்காரர் நன்றாகச் சிரித்தார். நம் ஆட்கள் சிரிக்கவில்லை. ஃபெரி முதலில் சிரித்தார், அப்புறம் என் பக்கம் திரும்பிப் பார்த்துவிட்டுத் தொப்பியைத் தேடினார்.

போன பிப்ரவரியில் உன்னை அவ்வளவு திட்டினேன். நேற்று அவனைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது, நீ என்னை எவ்வளவு ஜாக்கிரதையாகத் தூக்கி வைத்திருந்தாய் என்று.

ஒன்று மட்டும் கேட்கிறேன். அவன் கத்துவது என்ன பாஷை? அவனிடம் யாராவது கேட்டார்களா?

அக்கா


நியூயார்க்
13 நவம்பர் 1953

அக்காவுக்கு,

உன்னிடம் எதையும் மறைக்க முடியாது என்று தெரிந்தும் முயற்சி செய்தேன். சரி, சொல்லிவிடுகிறேன்.

செப்டம்பரில் முதல் நாள் ஒத்திகைக்குப் போனேன். என் கறுப்புக் கோட்டைப் பெர்ல் கையில் வைத்துக்கொண்டு நின்றாள், என் முகத்தைப் பார்க்கவில்லை. கோட்டின் தையலைப் பிரித்து அகலமாக்கியிருந்தார்கள். டிரமண்ட் தோளில் கை போட்டு என்னை ஜன்னல் பக்கம் அழைத்துப் போனார். அவர் கெட்டவர் இல்லை அக்கா. என் பிறந்தநாளுக்குப் பூ அனுப்புகிறவர்.

"கண்ணு, இந்தப் பொம்பளைய ஊருக்கே பிடிச்சிருக்கு," என்றார். "அதனாலதான் நான் எடுத்துக்குறேன். பொம்பளைய பொம்பளை நடிச்சா அது பாவம். ஆம்பளை நடிச்சாத்தான் சிரிப்பு."

"நான் நடிச்சப்ப சிரிச்சாங்களே," என்றேன்.

"சிரிச்சாங்க. ஆனா உன்னப் பாத்துச் சிரிச்சாங்க. நிகழ்ச்சி யார் பேர்ல நடக்குது?"

இங்கே பெண்களுக்கு மூன்று வேஷம்தான். அழகி, மாமியார், தண்ணீர் ஊற்றிக்கொள்கிறவள். அழகிக்கு என் மூக்கு பெரிது. மாமியாருக்கு வயது போதாது. கதவைச் சாத்திக்கொண்டு போனால் வெளியே இந்த வேலைக்கு நாற்பது பேர் நிற்கிறார்கள்.

இப்போது எனக்கு ஒரே வசனம். "அடுத்தவங்க வாங்க!" அதற்குப் பிறகு அவர் கத்துவார், நான் பயந்து பின்னால் போகவேண்டும்.

அது என்ன பாஷை என்று கேட்டாயே. யாரும் கேட்டதில்லை. நானும் கேட்டதில்லை. அந்தக் கேள்வியோடு இன்று காலையிலிருந்து சுற்றிக்கொண்டிருக்கிறேன். காப்பிக்கடையில் கரண்டியைக் கலக்கிக்கொண்டே தனியாகச் சிரித்தேன், பரிமாறுகிற பெண் ஒரு மாதிரி பார்த்தாள்.

இல்கா


டொலிடோ
6 டிசம்பர் 1953

அடி இல்கா,

அவசரமாக எழுதுகிறேன், எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள். நேற்று இங்கே என்ன நடந்தது என்று உனக்குத் தெரியாது, எழுதிவிடுகிறேன்.

கெலெமென் வீட்டில் நிற்க இடமில்லை. அடுத்த அறையில் யாரும் இல்லாததால் அங்கிருந்தும் நாற்காலி வந்துவிட்டது. டிரமண்ட் வந்தான், துண்டை வீசினான், "புபு கபுஷ்" என்று ஆரம்பித்தான். நீ வழக்கம்போலப் பின்னால் போகப்போகிறாய் என்று நான் கண்ணை மூடிக்கொள்ளப் பார்த்தேன்.

நீ பின்னால் போகவில்லை. உன் முகம் திரும்பியது. அப்படி ஒரு சந்தோஷம்! தொலைந்துபோன சொந்தக்காரியைக் கண்டுபிடித்த மாதிரி இரண்டு கையையும் விரித்து நம் பாஷையில் ஆரம்பித்தாய் பார், "ஐயோ, நம்ம ஊரா நீங்க! எந்தத் தெரு? யார் வீட்டுப் பொண்ணு?" என்று!

டெலிவிஷனிலிருந்து நம் பாஷை வருகிறது, யாருக்கும் புரியவில்லை, அதாவது எல்லோருக்கும் புரிகிறது, ஆனால் காதை நம்ப முடியவில்லை. கெலெமெனின் அம்மாவுக்கு ஒரு வார்த்தை இங்கிலீஷ் தெரியாது. இத்தனை மாதமாகப் படம் மட்டும் பார்த்தவள் எழுந்து நின்று டெலிவிஷனுக்கு வணக்கம் சொன்னாள்.

அவன் முழித்தானே, அந்த முழி! ஒரு "கபுஷ்" போட்டுப் பார்த்தான். நீ தலையைச் சாய்த்து அக்கறையாகக் கேட்டுவிட்டு, "புரியலியேம்மா, பல் வலியா?" என்றாய். ஐரிஷ்காரருக்கு ஒன்றும் புரியாமலேயே கண்ணில் தண்ணீர் வருகிறது. அங்கே உன் அரங்கிலும் கூரை பிய்த்துக்கொண்டு போனது காதில் விழுந்தது. அப்புறம் அவன் தலையணையைத் தொட்டுக் காட்டி, "உள்ள வெச்ச மெத்தை ஒரு பக்கமாச் சரியுது, சரி பண்ணிக்குங்க" என்றாய். அவன் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினான். கெலெமென் நாற்காலியிலிருந்து கீழே விழுந்துவிட்டார். சவப்பெட்டி விற்கிற மனுஷன் அப்படிச் சிரித்து இந்த ஊர் பார்த்ததில்லை.

கடைசியில் நீ துண்டுகளைத் தரையிலிருந்து பொறுக்கி, ஒவ்வொன்றாக நீவி மடித்து அவன் கையில் கொடுத்தாய். அப்போது யாரும் சிரிக்கவில்லை. நானும்தான்.

அவன் உன்னை என்ன செய்தான்? உடனே எழுது.

அக்கா


நியூயார்க்
6 டிசம்பர் 1953

அக்காவுக்கு,

நீ பார்த்திருப்பாய். உன் கேள்விதான் அது. மேடையில் அதைக் கேட்டுவிட்டேன்.

திட்டம் போட்டுச் செய்ததாக நினைக்காதே. "அடுத்தவங்க வாங்க" என்று சொல்லும்வரை செய்வேனா மாட்டேனா என்று எனக்கே தெரியாது. அவர் கத்தினார், நான் அவர் கண்ணைப் பார்த்தேன். அந்தக் கண்ணுக்குள் யாரும் இல்லை. வெறும் தலையணையும் சாயமும்தான். அப்போது எனக்கு நிஜமாகவே தெரிந்துகொள்ள ஆசை வந்துவிட்டது, யாரம்மா நீ என்று. கேட்டேன்.

திரை விழுந்ததும் ஜனங்கள் முன்னால் என்னைக் கட்டிப்பிடித்து, என் கையில் முத்தம் கொடுத்தார். கைதட்டல் நிற்கவில்லை. உள்ளே நடைவழியில் உதட்டுச் சாயத்தைத் துடைத்துக்கொண்டே வந்தார். கோபமே இல்லை, களைப்புதான்.

"நல்லா இருந்துச்சு எல்லி. என் வாழ்க்கையில அப்படி மாட்டினதில்ல," என்றார்.

"உங்களுக்கும் சிரிப்பு வந்துச்சே," என்றேன்.

"வந்துச்சு. அதான் பிரச்சினை." துண்டை என் கையில் கொடுத்தார். "திங்கக்கிழமை வரவேண்டாம் கண்ணு."

பெர்ல் என் கோட்டுத் தையலை மறுபடி சின்னதாக்கிக் கொடுத்து, "இது கணக்குல வராது, எடுத்துட்டுப் போ" என்றாள். அதுவரை அழவில்லை, அப்போது அழுதேன்.

வேலை இல்லை. ஆனால் நேற்று வந்த சிரிப்பு போல ஒன்றை நான் இதுவரை கேட்டதில்லை. புரியாத மொழிக்கு எப்படிச் சிரித்தார்கள்? நீ நாற்காலியைத் திருப்பிப் போட்டிருந்தாயா? எனக்குச் சொல்.

இல்கா


நியூயார்க்
20 ஜனவரி 1954

அக்காவுக்கு,

உட்கார்ந்து படி.

போன வாரம் தொலைக்காட்சி நிலையத்திலிருந்து போன் வந்தது. என்னை அனுப்பிவிட்ட அதே நிலையம். "நீங்க ஹங்கேரிய மொழி படிப்பீங்கதானே? கொஞ்சம் வரமுடியுமா?" என்று ஒரு பெண் கேட்டாள். போனேன். மேசை நிறையக் கடிதங்கள். கிளீவ்லண்டிலிருந்து, பிட்ஸ்பர்க்கிலிருந்து, நியூஜெர்சியிலிருந்து, எங்கெங்கோ சுரங்க ஊர்களிலிருந்து. எல்லாம் நம் மொழியில். யாராலும் படிக்க முடியவில்லை. கோட்டு சூட்டு போட்ட மூன்று பேர் கவலையோடு நின்றார்கள். அவமானப்படுத்திவிட்டீர்கள் என்று வழக்குப் போடப்போகிறார்களோ என்று பயம்.

நான் ஒவ்வொன்றாகப் படித்துச் சொன்னேன். ஒரு இரும்பாலைக்காரர் எழுதியிருந்தார்: "என் பிள்ளைகள் நம் மொழி பேச வெட்கப்படுவார்கள். அன்றைக்கு 'அப்பா, அந்த அம்மா என்ன சொன்னாங்க' என்று என் மடியில் ஏறி உட்கார்ந்து கேட்டார்கள்." ஒரு அம்மாள் வால்நட் ரொட்டி செய்முறை அனுப்பியிருந்தாள், நான் மெலிந்திருக்கிறேனாம். இதையெல்லாம் என்னை வேலையை விட்டு எடுத்தவர்களுக்கு நானே வாசித்துக் காட்டினேன் அக்கா. இதைவிட நல்ல காட்சியை யாராலும் எழுத முடியாது.

பாதிக்கு மேல் கடிதங்களில் ஒரே கேள்வி. "அந்தக் கடைக்காரப் பெண் யார்? அவள் நிஜப் பெயர் என்ன?" நிகழ்ச்சி முடிவில் என் பெயரை வெட்டி "எல்லி பார்ட்" என்று ஓடவிடுகிறார்கள், அது யார் கண்ணிலும் பட்டதில்லை. பட்டாலும் அது நானென்று எப்படித் தெரியும்?

என்னைத் திரும்ப எடுத்துக்கொள்ள டிரமண்ட் ஒத்துக்கொள்ளவில்லை. ஆனால் இந்தச் செய்தி எப்படியோ கசிந்து, செவ்வாய்க்கிழமை நிகழ்ச்சி நடத்துகிற ஒருத்தர் கூப்பிட்டார். திருமதி புஷ்காவை நான் செய்யலாம், நானே! ஒரு தடவை. நன்றாக இருந்தால் மேலே பார்க்கலாம் என்றார்.

அக்கா, நீ வா. ஒத்திகையில் என் எதிரே உட்கார். நாற்காலியை எந்தப் பக்கம் வேண்டுமானாலும் திருப்பிக்கொள். நீ இல்லாமல் நான் எப்படிச் செய்வேன்?

இல்கா


டொலிடோ
27 ஜனவரி 1954

இல்காவுக்கு,

வரமாட்டேன். கடையில் வேலை இருக்கிறது, ஃபெரி முதுகு இருக்கிறது. அது நிஜக் காரணம் இல்லை. நிஜக் காரணத்தை எழுதலாமா வேண்டாமா என்று இந்தக் காகிதத்தை மூன்று தடவை எடுத்து வைத்தேன்.

நான் வந்தால் நீ என்னைப் பார்த்துச் செய்வாய். என்னிடம் பார்க்க ஒன்றும் இல்லை. உலகத்திலேயே தைரியமான ஆள் நான்தான் என்று எழுதினாயே, அதைப் படித்த நாளிலிருந்து எனக்கு ஒரு மாதிரி இருக்கிறது.

அன்றைக்கு அந்தக் கடையில் நான் ஏன் பேசவில்லை என்று நினைத்தாய்? பிடிவாதமா? இல்லை. எனக்கு வார்த்தை வரவில்லை. வீட்டில் ஃபெரி சொல்லிக்கொடுத்து, வழியெல்லாம் மனப்பாடம் செய்துகொண்டு போனேன். அந்த ஆள் முகத்தைப் பார்த்ததும் எல்லாம் போய்விட்டது. துண்டை ஏன் அவ்வளவு மெதுவாக மடித்தேன்? மடித்து முடிப்பதற்குள் ஒரு வார்த்தையாவது திரும்பி வந்துவிடாதா என்றுதான். வரவில்லை. கெட்டிலை வைத்துவிட்டு நின்றேன், வேறு என்ன செய்வது என்று தெரியாமல். அவன் பயந்துபோய் வேறு கெட்டில் கொடுத்துவிட்டான்.

உன் கையை அழுத்தினேன் என்றாயே. உன்னை அடக்க இல்லை. விழுந்துவிடுவேனோ என்று பிடித்துக்கொண்டேன்.

உன் திருமதி புஷ்கா என்னைவிட உயரம். அது நீ கட்டியவள். உனக்கு என்ன தோன்றுகிறதோ அதைச் செய்.

அக்கா


நியூயார்க்
19 பிப்ரவரி 1954

அக்காவுக்கு,

உன் கடிதம் வந்த அன்று ஒத்திகைக்குப் போய்ச் சும்மா உட்கார்ந்திருந்தேன். என்ன ஆச்சு என்று கேட்டார்கள். "இருபது வருஷமா ஒரு பொம்பளையத் தப்பா நடிச்சிட்டிருந்தேன்" என்றேன். யாருக்கும் புரியவில்லை.

எல்லாவற்றையும் மாற்றிவிட்டேன். எழுதுகிறவர்களுக்குப் பயம். "இதுல சிரிப்பு எங்க இருக்கு?" என்று கேட்டார்கள். "தெரியாது, பார்க்கலாம்" என்றேன். நிஜமாகவே தெரியாது. செவ்வாய்க்கிழமை இரவு எட்டு மணிக்கு உனக்கும் எனக்கும் சேர்ந்துதான் தெரியும்.

இன்னொன்று. ஒப்பந்தத்தில் ஒன்று மட்டும் கேட்டேன், கொடுத்தார்கள். நிகழ்ச்சி முடிந்து பெயர்கள் ஓடும்போது எழுந்துவிடாதே. கடைசிக்கு முந்தைய வரி. சின்ன எழுத்து, ரொம்ப வேகமாகப் போகும்.

இல்கா


டொலிடோ
24 பிப்ரவரி 1954

இல்காவுக்கு,

பார்த்தோம்.

அவள் வந்தாள். மூட்டையை வைத்தாள். வாயைத் திறந்தாள், மூடினாள். முதல் துண்டை எடுக்கும்போது அவள் கை நடுங்கியது. உதடு அசைந்துகொண்டே இருந்தது, உள்ளுக்குள் சொல்லிப் பார்த்துக்கொள்கிற மாதிரி. யாரும் சிரிக்கவில்லை. இரண்டாவது துண்டு. சிரிக்கவில்லை. உன் அரங்கிலும் சத்தம் இல்லை, இங்கே கெலெமென் வீட்டில் கடிகாரம்தான் கேட்டது. முடிந்தது, இவள் கதையை நானே கெடுத்துவிட்டேன் என்று நினைத்தேன்.

மூன்றாவது துண்டில் அவள் நிமிர்ந்து அந்தக் கடைக்காரனைப் பார்த்தாள். ஒரே ஒரு இங்கிலீஷ் வார்த்தை வந்துவிட்டது அவளுக்கு. "ஓட்டை," என்றாள். அப்படி ஒரு பெருமை முகத்தில்! உலகத்திலேயே அழகான வார்த்தையைக் கண்டுபிடித்த மாதிரி. மறுபடி சொன்னாள், "ஓட்டை!" அவ்வளவுதான், இங்கே வீடு இடிந்தது. ஃபெரி கண்ணைத் துடைத்துக்கொண்டே என் முழங்கையைப் பிடித்தார். நானும் சிரித்தேன், இல்கா. சத்தம் போட்டுச் சிரித்தேன். அந்த வார்த்தை அன்றைக்கு எனக்கு வந்திருந்தால் நான் அப்படித்தான் சொல்லியிருப்பேன்.

அப்புறம் பெயர்கள் ஓடின. எல்லோரும் டெலிவிஷனுக்குப் பக்கத்தில் நெருக்கியடித்தோம். நீ சொன்ன மாதிரியே ரொம்ப வேகம். கெலெமென் "இல்" வரைக்கும் படித்தார். ஃபெரி கண்ணாடியைத் தேடிக்கொண்டிருந்தார், அவருக்கு ஒன்றும் கிடைக்கவில்லை.

நான் முழுதும் படித்தேன். "இல்கா பார்த்தா" என்று, நம் அப்பா வீட்டுப் பெயரோடு முழுசாக. இங்கிலீஷ் எழுத்தில் நான் அவ்வளவு வேகமாக இதுவரை எதையும் படித்ததில்லை.

அக்கா மார்கித்